அல்ஜீப்ராவும் வாக்குரிமையும்: அமெரிக்கப் பள்ளிகளின் கணக்குப் பாடம் நமக்குச் சொல்வது

நான்கு ஆண்டுகளுக்கு முன், நாங்கள் மாலை வகுப்பு நடத்தும் காலனியிலிருந்து ஒரு பெண் பத்தாம் வகுப்புத் தேர்ச்சி பெற்றாள். பிளஸ் ஒன் சேர்க்கைக்கு முதல் நாள் வந்து, "அக்கா, கணக்கு இல்லாத குரூப்பா பாத்து சேத்து விடுங்க. பாஸானா போதும்" என்றாள். அவள் கேட்டதில் நியாயம் இருந்தது. பத்தாம் வகுப்பில் பாதி ஆண்டு அவள் பள்ளியில் கணக்கு ஆசிரியர் இல்லை. வீட்டில் சொல்லித்தர ஆளில்லை, டியூஷனுக்குக் காசில்லை. ஃபெயிலாகிப் படிப்பை நிறுத்துவதைவிட இது மேல் என்று நாங்களும் நினைத்தோம். அவள் கேட்டபடியே சேர்த்துவிட்டோம். நல்ல மதிப்பெண்ணோடு பிளஸ் டூ முடித்தாள். கணினி அறிவியல் பட்டப்படிப்புக்கு விண்ணப்பிக்கப் போன இடத்தில், "பிளஸ் டூவில கணக்கு இல்லையேம்மா" என்று திருப்பி அனுப்பினார்கள்.

அந்தக் கதவைச் சாத்தியதில் எங்களுக்கும் பங்கு உண்டு. அன்றிலிருந்து எங்கள் கூட்டங்களில் ஒரு விவாதம் ஓயாமல் நடக்கிறது. கணக்கு என்பது நம் பிள்ளைகளை வடிகட்டும் சல்லடை, அதை எந்த மட்டத்திலும் கட்டாயமாக்கக் கூடாது என்கிறார்கள் சில தோழர்கள். கணக்கை விட்டுக்கொடுத்தால் மருத்துவம் தவிர்த்த அறிவியல் படிப்புகளில் பெரும்பகுதியை விட்டுக்கொடுத்தது போலத்தான் என்கிறார்கள் வேறு சிலர். இரண்டு பக்கத்திலும் உண்மை இருப்பதால் விவாதம் முடிவதில்லை.

இதே விவாதம் அமெரிக்காவில் 130 ஆண்டுகளாக நடக்கிறது. அங்கே பள்ளிப் படிப்பை முடித்துச் சான்றிதழ் பெற எவ்வளவு கணக்கு படித்திருக்க வேண்டும், உயர்கணக்கு யாருக்கு, யாருக்கு வேண்டாம் என்ற கேள்வி கறுப்பின மக்களின் விடுதலைப் போராட்டத்தோடு பின்னிக் கிடக்கிறது. 1946இல் பாபாசாகேப் அம்பேத்கர் டபிள்யூ.இ.பி. டுபாய்ஸுக்குக் கடிதம் எழுதினார். கறுப்பின மக்களின் நிலையைத் தாம் படித்து வந்ததையும், அவர்கள் நிலைக்கும் தீண்டப்படாதோர் நிலைக்கும் உள்ள ஒற்றுமையையும் அதில் குறிப்பிட்டார். அந்தப் படிப்பை நாமும் தொடர வேண்டும். அவர்கள் வென்ற இடத்திலிருந்தும், ஏமாற்றப்பட்ட இடத்திலிருந்தும் நமக்குப் பாடம் இருக்கிறது.

யாருக்கு எந்தப் படிப்பு?

முதலில் அங்குள்ள முறையைப் புரிந்துகொள்வோம். நம் பிளஸ் டூ போல ஒரே பொதுத்தேர்வை எழுதி முடிக்கும் வழக்கம் அங்கே பொதுவாக இல்லை. ஒன்பதாம் வகுப்பிலிருந்து பன்னிரண்டு வரை நான்கு ஆண்டுகள் ஹைஸ்கூல். ஆங்கிலம் இத்தனை ஆண்டு, கணக்கு இத்தனை ஆண்டு, அறிவியல் இத்தனை ஆண்டு என்று மாநிலமும் மாவட்டக் கல்வி வாரியமும் விதி வகுக்கும். அந்தப் பாடங்களில் தேறினால்தான் டிப்ளமோ எனப்படும் பள்ளியிறுதிச் சான்றிதழ்.

கணக்கு மட்டும் மாடிப்படி போல அடுக்கப்பட்டிருக்கிறது. அல்ஜீப்ரா, அதாவது இயற்கணிதம் முதல் நிலை, பிறகு வடிவியல், பிறகு அல்ஜீப்ரா இரண்டாம் நிலை, அதன் பிறகு நுண்கணிதத்துக்கு முந்தைய பாடம், கடைசியாக நுண்கணிதம். ஒரு படியைத் தாண்டி அடுத்த படியில் கால் வைக்க முடியாது. எட்டாம் வகுப்பிலேயே முதல் அல்ஜீப்ராவை முடித்த பிள்ளை பன்னிரண்டாம் வகுப்பில் நுண்கணிதத்தைத் தொட்டுவிடும். ஒன்பதில் தொடங்கிய பிள்ளை வழக்கமான வேகத்தில் அங்கே போய்ச் சேராது. ஆக, ஒரு பிள்ளை பொறியாளர் ஆக வழி இருக்கிறதா என்பது அதன் பதின்மூன்றாவது வயதிலேயே பாதி முடிவாகிவிடுகிறது. அந்த முடிவை எடுப்பது பெரும்பாலும் பிள்ளையோ பெற்றோரோ அல்ல.

1892இல் அமெரிக்கத் தேசியக் கல்விச் சங்கம் பத்துப் பேர் கொண்ட குழு ஒன்றை அமைத்தது. ஹார்வர்டு பல்கலைக்கழகத் தலைவர் சார்லஸ் எலியட் அதன் தலைவர். கல்லூரிக்குப் போகிற பிள்ளைக்கு ஒரு பாடம், வேலைக்குப் போகிற பிள்ளைக்கு வேறொரு பாடம் என்று பிரிக்க வேண்டாம், ஒரு பாடத்தைப் படிக்கிற எல்லோருக்கும் அதை ஒரே விதமாகச் சொல்லிக்கொடுங்கள் என்பது 1893இல் வந்த அதன் அறிக்கையின் சாரம். கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் அன்று ஹைஸ்கூலுக்குப் போனவர்களே மிகச் சிலர். தெற்கு மாநிலங்களில் கறுப்பினப் பிள்ளைகளுக்கு அரசு ஹைஸ்கூல் என்பதே அரிது. 1896இல் பிளெஸ்ஸி வழக்கின் தீர்ப்பு, தனித்தனியாக வைத்தாலும் சமம்தான் என்று சொல்லிப் பிரித்துவைப்பதைச் சட்டமாக்கியது.

கறுப்பின மக்களுக்கு எந்தப் படிப்பு என்பதில் அன்று இரண்டு குரல்கள் இருந்தன. 1881இல் டஸ்கீகியில் பள்ளி தொடங்கிய புக்கர் டி. வாஷிங்டன், முதலில் கைத்தொழில், பிறகு மற்றவை என்றார். வெள்ளைப் பணக்காரர்கள் அந்தக் குரலுக்குப் பணத்தை அள்ளிக் கொடுத்தார்கள். டுபாய்ஸ் 1903இல் வெளியிட்ட நூலில் இதைக் கடுமையாக மறுத்தார். கைத்தொழிலை அவர் இழிவாக நினைக்கவில்லை. ஒரு மக்களுக்குக் கைத்தொழில் மட்டும் போதும் என்று இன்னொரு மக்கள் முடிவு செய்வதைத்தான் அவர் எதிர்த்தார்.

பிறகு பிரிப்பதற்கே ஒரு கல்விக் கோட்பாடு கிடைத்தது. 1920இல் வில்லியம் கில்பாட்ரிக் தலைமையிலான குழு, அல்ஜீப்ராவும் வடிவியலும் பெரும்பாலான மாணவர்களுக்குத் தேவையில்லை, வாழ்க்கைக்கு நேரடியாக உதவும் கணக்கு போதும் என்று அறிக்கை தந்தது. கில்பாட்ரிக் கொலம்பியா பல்கலைக்கழகத்தின் ஆசிரியர் கல்லூரியில் பேராசிரியர். ஜான் டியூயியின் சீடராக அறியப்பட்டவர். அதே கொலம்பியாவில், அதே டியூயியிடம்தான் பாபாசாகேப் படித்தார். ஒரே மரத்தடியில் உட்கார்ந்த இருவர் எவ்வளவு வேறான இடங்களுக்குப் போனார்கள் பாருங்கள். குழந்தையின் விருப்பம், வாழ்க்கைத் தேவை என்று கில்பாட்ரிக் பேசியது முற்போக்காகவே ஒலித்தது. ஆனால் நிலக்குத்தகைக்காரர் பிள்ளையின் "வாழ்க்கைத் தேவை" என்ன என்று அன்றைய சமூகம் நினைத்ததோ, அதுதான் அதன் பாடத்திட்டமாக ஆனது. 1910 வாக்கில் அமெரிக்க ஹைஸ்கூல் மாணவர்களில் 56.9 விழுக்காட்டினர் அல்ஜீப்ரா வகுப்பில் இருந்தார்கள். 1955 வாக்கில் அது 24.8 விழுக்காடு.

நமக்கு இது புதிய கதை அல்ல. 1953இல் சென்னை மாகாணத்தில் ராஜாஜி கொண்டுவந்த திட்டம் நினைவிருக்கும். பாதி நேரம் பள்ளி, மீதி நேரம் வீட்டுத் தொழில். குலக்கல்வி என்று மக்கள் பெயர் வைத்தார்கள், எதிர்த்துப் போராடினார்கள், 1954இல் அது கைவிடப்பட்டது. அதே 1954 மே மாதம் அமெரிக்க உச்ச நீதிமன்றம் பிரவுன் வழக்கில், பள்ளிகளில் இனப்பிரிவினை செல்லாது என்று தீர்ப்பளித்தது. ஆனால் கட்டடம் ஒன்றான பிறகும் வகுப்பறைகள் பிரிந்தே இருந்தன. "திறமை" பார்த்துப் பிள்ளைகளைத் தனித்தனித் தடங்களில் போடும் முறை பரவியிருந்தது. தலைநகர் வாஷிங்டனில் இருந்த அந்தத் தட முறை கறுப்பின ஏழைப் பிள்ளைகளைக் கீழ்த்தடத்தில் அடைத்துவைக்கிறது என்று 1967இல் ஹாப்சன் வழக்கில் நீதிபதி ஸ்கெல்லி ரைட் அதை ரத்து செய்தார்.

மிசிசிப்பிக்குப் போன கணக்கு வாத்தியார்

இந்த வரலாற்றின் நடுவில் ஒருவர் நிற்கிறார். ராபர்ட் மோசஸ், தோழர்களுக்கு பாப் மோசஸ். 1935இல் நியூயார்க்கின் ஹார்லெமில் பிறந்தவர். ஹார்வர்டில் தத்துவத்தில் முதுகலை முடித்துவிட்டு, நியூயார்க்கில் ஒரு தனியார் பள்ளியில் கணக்கு வாத்தியாராக இருந்தார். 1960இல் தெற்கில் கறுப்பின மாணவர்கள் உணவகங்களில் உட்கார்ந்து போராடியதைச் செய்தித்தாளில் பார்த்தார். அவர்கள் முகத்தில் இருந்த உறுதி அவரை இழுத்தது. எல்லா பேக்கர் என்ற மூத்த பெண் போராளியின் வழிகாட்டலில் வளர்ந்த மாணவர் வன்முறையற்ற ஒருங்கிணைப்புக் குழுவில் சேர்ந்தார். 1961இல் மிசிசிப்பியின் மக்கோம்ப் ஊருக்குப் போய் வாக்காளர் பதிவு வேலையைத் தொடங்கினார்.

மிசிசிப்பியில் வாக்காளராகப் பதிய ஒரு தேர்வு உண்டு. மாநில அரசியலமைப்பிலிருந்து ஒரு பிரிவைப் பதிவு அலுவலர் எடுத்துக் கொடுப்பார். அதைப் படித்து, எழுதி, பொருள் விளக்க வேண்டும். விளக்கம் சரியா தவறா என்று முடிவு செய்வதும் அவரே. எழுதப் படிக்கத் தெரியாத வெள்ளையர் தேறுவார், படித்த கறுப்பர் தோற்பார். இந்த ஏற்பாடு 1890ஆம் ஆண்டு அரசியலமைப்பிலிருந்து வந்தது. 1965க்கு முன் மிசிசிப்பியில் வாக்களிக்கும் வயதுடைய கறுப்பின மக்களில் ஏறத்தாழ 7 விழுக்காட்டினரே பதிவு பெற்றிருந்தார்கள்.

பதிவுக்கு ஆட்களை அழைத்துப் போனதற்காக மோசஸின் மண்டையை உடைத்தார்கள். தையல் போட்டுக்கொண்டு வந்து வழக்குத் தொடுத்தார், அடித்தவர் விடுவிக்கப்பட்டார். 1961 செப்டம்பரில், அவரோடு வேலை செய்த விவசாயி ஹெர்பர்ட் லீயை ஒரு வெள்ளைச் சட்டமன்ற உறுப்பினரே சுட்டுக் கொன்றார். அவருக்கும் தண்டனை இல்லை. அதைக் கண்ணால் பார்த்த லூயிஸ் ஆலன் 1964இல் கொல்லப்பட்டார்.

அந்த ஆண்டு மக்கோம்பில் நடந்த ஒரு நிகழ்ச்சியை மாணவர்கள் அறிந்திருக்க வேண்டும். போராட்டத்தில் கலந்துகொண்ட சக மாணவி ஒருவரைப் பள்ளி சேர்த்துக்கொள்ள மறுத்ததால், அக்டோபரில் பர்க்லண்ட் ஹைஸ்கூலின் நூற்றுக்கும் மேற்பட்ட கறுப்பின மாணவர்கள் வகுப்பைவிட்டு வெளியேறினார்கள். இனிப் போராட மாட்டோம் என்று எழுதிக் கொடுத்தால்தான் உள்ளே விடுவோம் என்றது நிர்வாகம். பலர் மறுத்தார்கள். அவர்களுக்காகப் போராளிகளே ஒரு பள்ளியை நடத்தினார்கள். அதன் பெயர் வன்முறையற்ற ஹைஸ்கூல். கணக்குப் பாடம் எடுத்தவர் மோசஸ். சில வாரங்களே நடந்த அந்தப் பள்ளியில், தெற்கின் கறுப்பினப் பள்ளிகள் எவ்வளவு குறைவாகக் கற்றுக் கொடுத்திருக்கின்றன என்பதை அவர் நேரில் பார்த்தார்.

பின்னர் 1963இல் ஒரு கூட்டாட்சி நீதிபதி அவரிடம், எழுதப் படிக்கத் தெரியாதவர்களை எல்லாம் ஏன் பதிவுக்கு அழைத்துப் போகிறீர்கள் என்று கேட்டார். ஒரு மக்களுக்குக் கல்வியை மறுத்துவிட்டு, பிறகு கல்வி இல்லை என்பதையே காரணம் காட்டி அவர்களுக்கு வாக்குரிமையையும் மறுக்க நாட்டுக்கு உரிமை இல்லை என்பதே மோசஸ் தந்த பதிலின் பொருள். 1965இல் வந்த வாக்குரிமைச் சட்டம் அந்தத் தேர்வை நிறுத்திவைத்தது. 1967க்குள் மிசிசிப்பியில் பதிவு பெற்ற கறுப்பின வாக்காளர்கள் ஏறத்தாழ 60 விழுக்காடு ஆனார்கள்.

மகளின் எட்டாம் வகுப்பு

வியட்நாம் போருக்கான கட்டாய ஆள்சேர்ப்பைத் தவிர்த்து நாட்டைவிட்டு வெளியேறிய மோசஸ், தான்சானியாவில் பல ஆண்டுகள் கணக்கு சொல்லிக் கொடுத்தார். 1976இல் திரும்பினார். 1982இல் அவர் மகள் மய்ஷா, மாசசூசெட்ஸ் மாநிலம் கேம்பிரிட்ஜில் எட்டாம் வகுப்புக்கு வந்தாள். அல்ஜீப்ரா படிக்கத் தயாராக இருந்தாள். மார்ட்டின் லூதர் கிங் பெயரைத் தாங்கிய அவள் பள்ளியில் அல்ஜீப்ரா வகுப்பே இல்லை. ஆசிரியர் ஒருவர் அழைக்க, மோசஸ் வகுப்பறைக்கே வந்து மய்ஷாவுக்கும் இன்னும் சில பிள்ளைகளுக்கும் கற்றுக் கொடுத்தார். ஆண்டு முடிவில் நகர அளவிலான அல்ஜீப்ராத் தேர்வில் அந்தப் பள்ளியிலிருந்து முதன்முதலாகத் தேறியவர்கள் அவர்களே.

ஆனால் அவர் கவனித்தது வேறு. மேல்கணக்குக் குழுவில் இருந்தவர்கள் பெரும்பாலும் வெள்ளை நடுத்தர வர்க்கப் பிள்ளைகள். கீழ்க்குழுவில் கறுப்பினப் பிள்ளைகள். யாரும் தள்ளிவிட்டதாகத் தெரியாது. எல்லாம் பிள்ளைகளின் விருப்பப்படி நடந்ததாகவே தெரியும். உங்கள் பிள்ளை அல்ஜீப்ரா படிக்க வேண்டுமா என்று பெற்றோர்களிடம் கேட்டபோது, ஏறத்தாழ எல்லோருமே வேண்டும் என்றார்கள். அதுவரை யாரும் அவர்களைக் கேட்டதே இல்லை. இப்படித்தான் அல்ஜீப்ரா புராஜெக்ட் என்ற இயக்கம் பிறந்தது.

அதன் கற்பிக்கும் முறை எளிமையானது. எதிர்ம எண்களில் பிள்ளைகள் ஏன் தடுமாறுகிறார்கள் என்று மோசஸ் யோசித்தார். கூட்டல் கணக்கில் பிள்ளைகளுக்கு "எத்தனை?" என்ற ஒரே கேள்விதான் தெரியும். அல்ஜீப்ராவுக்கு "எந்தப் பக்கம்?" என்ற இன்னொரு கேள்வியும் வேண்டும். அதற்காகப் பிள்ளைகளை ரயிலில் அழைத்துப் போனார். ஒரு நிலையத்தைத் தொடக்கமாக வைத்து, எத்தனை நிலையம், எந்தத் திசை என்று பேச வைத்தார். பயணம், அதன் படம், தங்கள் வழக்குப் பேச்சில் விவரிப்பது, அதைக் கணக்கின் சொற்களில் ஒழுங்குபடுத்துவது, கடைசியாகக் குறியீடு என்று ஐந்து படிகள். பிள்ளையின் வாய்மொழியிலிருந்து தொடங்கிக் குறியீட்டுக்குப் போகும் பாதை அது. நம் ஊர் டவுன் பஸ்ஸில் இதைச் செய்ய ஒரு தடையும் இல்லை.

இங்கே ஒரு கேள்வி வருகிறது. 1960களில் எழுத்தறிவுத் தேர்வை நீக்கு என்று போராடியவர், 1980களில் எல்லோருக்கும் அல்ஜீப்ராவைக் கொடு என்று ஏன் போராடினார்? அல்ஜீப்ராவும் இன்னொரு வடிகட்டும் தேர்வுதானே? இது முரண்பாடு இல்லையா?

முரண்பாடு இல்லை என்றே நாங்கள் புரிந்துகொள்கிறோம். வாக்களிக்க அரசியலமைப்புப் பிரிவுக்கு விளக்கம் சொல்லத் தெரிய வேண்டியதில்லை. அந்தத் தேர்வு வெறும் சுவர். இடித்தால் போதும், மறுபக்கம் போய்விடலாம். அல்ஜீப்ரா சுவராகவும் பயன்படுகிறது, ஏணியாகவும் பயன்படுகிறது. பள்ளிச் சான்றிதழிலிருந்து அதை நீக்கினாலும், கல்லூரி வாசலில் அது நின்றுகொண்டிருக்கும். கணினி யுகத்தின் வேலைகளிலும் அது நிற்கும். எழுதப் படிக்கத் தெரியாமல் தோட்டங்களில் கட்டுண்டு கிடந்த குத்தகை விவசாயியின் இடத்தில், கணக்கு தெரியாத நகரத்துப் பிள்ளை இன்று நிற்கிறது என்பதே மோசஸின் வாதம். அவர் மிசிசிப்பிக்கே திரும்பிப் போய், ஜாக்சன் நகரின் லேனியர் ஹைஸ்கூலில் பல ஆண்டுகள் கணக்குப் பாடம் எடுத்தார். 2021 ஜூலையில் தமது 86ஆம் வயதில் மறைந்தார்.

விதியை மட்டும் மாற்றினால்?

1983இல் "ஆபத்தில் ஒரு நாடு" என்ற அரசு அறிக்கை வந்தது. ஜப்பானோடும் ஜெர்மனியோடும் போட்டி போட முடியவில்லை என்ற பயத்தில் எழுதப்பட்ட அறிக்கை அது. பள்ளியிறுதிச் சான்றிதழுக்கு மூன்று ஆண்டுக் கணக்கு வேண்டும் என்று பரிந்துரைத்தது. அதன் பிறகு மாநிலங்கள் விதிகளை இறுக்கத் தொடங்கின. அதில் மூன்று இடங்களை மட்டும் பார்ப்போம்.

சிகாகோ 1997இல் ஒன்பதாம் வகுப்பில் எல்லோருக்கும் அல்ஜீப்ரா என்று விதித்தது. அதற்கும் கீழ்ப்பட்ட கணக்கு வகுப்புகளை மூடியது. அல்ஜீப்ரா படித்தவர்கள் கூடினார்கள். ஆனால் பின்னால் வந்த ஆய்வுகள், தோல்வி கூடியதையும் தேர்வு மதிப்பெண்கள் உயராததையும் காட்டின. விதி மாறியது, ஆசிரியர் பயிற்சியும் நேரமும் போதிய அளவு மாறவில்லை. 2003இல் அதே சிகாகோ, பின்தங்கிய பிள்ளைகளுக்கு ஒரு நாளில் இரண்டு பாடவேளை அல்ஜீப்ரா என்று மாற்றி, ஆசிரியர்களுக்கும் உதவி செய்தது. அந்தப் பிள்ளைகளில் பள்ளியை முடித்தவர்களும் கல்லூரிக்குப் போனவர்களும் கூடியதாக ஆய்வாளர்கள் கண்டார்கள்.

லாஸ் ஏஞ்சல்ஸ் கதை நமக்கு இன்னும் நெருக்கமானது. கலிஃபோர்னியா மாநிலம் சான்றிதழுக்கு இரண்டு ஆண்டுக் கணக்கு போதும் என்றது. மாநிலப் பல்கலைக்கழகங்களோ சேர்க்கைக்கு மூன்று ஆண்டு, அதாவது இரண்டாம் அல்ஜீப்ரா வரை கேட்டன. இந்த இடைவெளியில்தான் கறுப்பின, லத்தீனப் பிள்ளைகள் விழுந்தார்கள். பள்ளி கொடுத்த சான்றிதழ் கையில் இருக்கும். அதை வைத்துப் பல்கலைக்கழகத்தில் விண்ணப்பிக்க முடியாது. எங்கள் காலனிப் பெண்ணுக்கு நடந்தது அப்படியே இதுதான். மாணவர்களும் பெற்றோர்களும் திரண்டு, கல்லூரிக்குத் தேவையான பாடங்களை எங்கள் பள்ளியில் நடத்து என்று போராடினார்கள். 2005இல் கல்வி வாரியம் அந்தப் பாடங்களைச் சான்றிதழுக்கு உரிய விதியாக்கியது. ஆனால் பிள்ளைகளைத் தயார்ப்படுத்தும் வேலை பின்தங்கியது. பலர் தோற்றுவிடுவார்கள் என்ற நிலை வந்ததும், 2015இல் வாரியம் "டி" கிரேடு எடுத்தாலே சான்றிதழ் என்று முடிவு செய்தது. பல்கலைக்கழகம் கேட்பதோ "சி". மூடிய இடைவெளி வேறு பெயரில் மீண்டும் திறந்தது.

டெக்சாஸ் நேர் எதிராகப் போனது. 2007இல் ஒன்பதாம் வகுப்பில் சேர்ந்தவர்களிலிருந்து, இரண்டாம் அல்ஜீப்ரா உட்பட நான்கு ஆண்டுக் கணக்கைப் பொது விதியாக்கியது. 2013இல் புதிய சட்டம் கொண்டுவந்து, அடிப்படைச் சான்றிதழுக்கு இரண்டாம் அல்ஜீப்ரா தேவையில்லை என்று தளர்த்தியது. எல்லோரும் கல்லூரிக்குப் போக வேண்டியதில்லை, வேலைக்கான பாதையும் வேண்டும் என்பது சொல்லப்பட்ட காரணம். அந்தப் பாதையில் யாருடைய பிள்ளைகள் போவார்கள் என்ற கேள்வியை அங்குள்ள குடியுரிமை அமைப்புகள் அன்றே எழுப்பின.

"கணக்கு எதற்கு?" என்று கேட்பவர்கள்

எதிர்வாதத்தை நேர்மையாகக் கேட்க வேண்டும். அரசியல் அறிஞர் ஆண்ட்ரூ ஹேக்கர் 2012இல், அல்ஜீப்ரா அவசியம்தானா என்று நியூயார்க் டைம்ஸில் எழுதினார். பிள்ளைகள் பள்ளியைவிட்டு நிற்பதற்குக் கணக்கு பெரிய காரணம், வேலையில் பெரும்பாலோர் அதைப் பயன்படுத்துவதே இல்லை, புள்ளிவிவரத்தைப் புரிந்துகொள்ளும் பயிற்சியே குடிமக்களுக்குப் போதும் என்பது அவர் வாதம். பிள்ளைகள் படும் வேதனையைப் பார்த்து எழுதியவர் அவர். அந்த வேதனையை நாங்களும் பார்க்கிறோம்.

ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். அமெரிக்கக் கல்வித் துறையின் 2015-16 கணக்கெடுப்பின்படி, அந்நாட்டு ஹைஸ்கூல்களில் பாதியில் நுண்கணிதம் நடத்தப்பட்டது. கறுப்பின, லத்தீன மாணவர்கள் அதிகமுள்ள பள்ளிகளில் அது 38 விழுக்காடு மட்டுமே. பாடமே இல்லாத பள்ளியில் பிள்ளைக்கு விருப்பம் இல்லை என்று யார் எப்படிச் சொல்ல முடியும்? சான் பிரான்சிஸ்கோ 2014இல் சமத்துவத்தின் பெயரால் எட்டாம் வகுப்பு அல்ஜீப்ராவை எடுத்துவிட்டது. வசதியுள்ள குடும்பங்கள் வெளியே காசு கொடுத்துப் படிக்கவைத்தார்கள். எதிர்ப்பு வளர்ந்து, அதை மீண்டும் கொண்டுவர 2024இல் வாரியம் முடிவு செய்தது. ஏணியை எடுத்துவிட்டால், வீட்டிலேயே ஏணி வைத்திருப்பவர்கள் மட்டும் ஏறுவார்கள்.

இன்னொன்று. நம் பிள்ளைகள் தேறிவிட்டாலும் நம்ப மாட்டார்கள். 1982இல் கிழக்கு லாஸ் ஏஞ்சல்ஸின் கார்ஃபீல்டு ஹைஸ்கூலில் ஹைமே எஸ்கலான்டே என்ற ஆசிரியரிடம் படித்த 18 மாணவர்கள் கல்லூரித் தர நுண்கணிதத் தேர்வில் தேறினார்கள். பெரும்பாலும் மெக்சிகோ வம்சாவளித் தொழிலாளர் பிள்ளைகள். அவர்களில் 14 பேர் மீது தேர்வு நிறுவனம் சந்தேகம் எழுப்பியது. 12 பேர் மீண்டும் எழுதினார்கள். 12 பேரும் தேறினார்கள். பட்டியலினப் பிள்ளை நூற்றுக்கு நூறு எடுத்தால் நம் ஊரில் எழும் முணுமுணுப்பை நினைத்துப் பாருங்கள்.

நம் பக்கம்

பாபாசாகேப் எல்ஃபின்ஸ்டன் ஹைஸ்கூலில் படித்தபோது, கரும்பலகையில் ஒரு கணக்கைச் செய்து காட்ட ஆசிரியர் அவரைக் கூப்பிட்டார். பலகைக்குப் பின்னால் சாதி இந்துப் பிள்ளைகளின் சாப்பாட்டுப் பாத்திரங்கள் இருந்தன. அவர் போய்த் தொடுவதற்குள் ஓடிப்போய் அவற்றை எடுத்து வீசினார்கள். அவர் சமஸ்கிருதம் படிக்க விரும்பினார், விடவில்லை, பாரசீகம் படித்தார். இன்று யாரும் பாத்திரத்தைத் தூக்கிக்கொண்டு ஓடுவதில்லை. "உனக்குக் கணக்கு வராதும்மா, ஈஸியான குரூப் எடுத்துக்கோ" என்று அன்பாகவே சொல்லிவிடுகிறார்கள். நாங்களும் அப்படித்தான் சொன்னோம்.

தமிழ்நாட்டில் பொறியியல் கட்-ஆஃப் 200இல் கணக்கு மட்டும் 100. இயற்பியலும் வேதியியலும் தலா 50. பிளஸ் ஒன்னில் கணக்கு இல்லாத குரூப்புக்குப் போன பிள்ளை இந்த வரிசையில் நிற்கவே முடியாது. இட ஒதுக்கீட்டில் நமக்கு உரிய இடம் இருக்கிறது. அந்த இடத்துக்கு விண்ணப்பிக்கத் தகுதி தரும் பாடம் நம் பள்ளியில் இருக்கிறதா?

அமெரிக்க வரலாற்றிலிருந்து நாங்கள் எடுத்துக்கொள்ளும் பாடம் ஒன்றுதான். கணக்கு கட்டாயமா இல்லையா என்பதைவிட, அந்தக் கட்டாயம் யாரைக் கட்டுகிறது என்று கேட்க வேண்டும். 1997 சிகாகோவில் விதி பிள்ளையைக் கட்டியது, அரசைக் கட்டவில்லை, பிள்ளை தோற்றது. 2003இல் அது பள்ளியையும் கட்டியது, பிள்ளை நிமிர்ந்தது. கற்றுக் கொடுக்காமல் தேர்வு மட்டும் வைத்தால் அது மிசிசிப்பியின் பதிவு அலுவலகம். கற்றுக் கொடுக்காததற்காகத் தேர்வை எடுத்துவிட்டால் அது குலக்கல்வி. இரண்டையும் நாம் ஏற்க முடியாது.

ஆகவே மாணவத் தோழர்கள் தங்கள் ஊரில் இதிலிருந்து தொடங்கலாம். உங்கள் சேரிப் பிள்ளைகள் போகும் மேல்நிலைப் பள்ளியில் கணக்கு உள்ள குரூப் இருக்கிறதா? கணக்கு ஆசிரியர் பணியிடம் எத்தனை மாதம் காலியாகக் கிடந்தது? ஆதிதிராவிடர் நலப் பள்ளியில் என்ன நிலை? சென்ற ஆண்டு பத்தாம் வகுப்பு முடித்த பட்டியலினப் பிள்ளைகள் எந்தெந்த குரூப்பில் சேர்க்கப்பட்டார்கள்? தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு போட்டால் பதில் வரும். பதிலை வைத்துக்கொண்டு பெற்றோர்களிடம் பேசுங்கள். கேம்பிரிட்ஜில் மோசஸ் கேட்ட அதே கேள்வியைக் கேளுங்கள்: உங்கள் பிள்ளை கணக்கு படிக்க வேண்டுமா? பெற்றோர்கள் கேட்காமல் எந்த அரசும் தராது. மிசிசிப்பியில் குத்தகை விவசாயிகளே வாக்குரிமையைக் கேட்டு நின்றபோதுதான், அவர்களுக்கு ஆர்வம் இல்லை என்ற பொய் உடைந்தது.

அந்தப் பெண் இப்போது பி.ஏ. இரண்டாம் ஆண்டு படிக்கிறாள். அவள் தங்கைக்கு இந்த ஆண்டு எட்டாம் வகுப்பு. போன மாதம் அவளே தங்கையைக் கையைப் பிடித்துக் கூட்டிவந்து எங்கள் மாலை வகுப்பில் உட்காரவைத்தாள். "அக்கா, இவளுக்கு இப்பவே ஆரம்பிங்க" என்றாள். ஆரம்பித்துவிட்டோம். சனிக்கிழமைதோறும் இரண்டு மணி நேரம் அல்ஜீப்ரா. பிளஸ் ஒன் சேர்க்கைக்கு முதல் நாள் வரை காத்திருக்கும் தவறை இந்த முறை செய்யப்போவதில்லை.

ஜெய்பீம்.